நார்னியாவின் காலக் கணக்கு: யாருடைய வருடங்கள், யாருடைய செலவு?

1

நண்பர் ஒருவரின் மகள் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறாள். சி.எஸ். லூயிஸின் நார்னியாக் கதைகளில் முதலில் வெளிவந்த புத்தகத்தை முடித்துவிட்டு வந்து கேட்டாள்: “மாமா, அந்த நாலு பேரும் அங்க வருஷக்கணக்கா ராஜா ராணியா இருக்காங்க. திரும்பி வந்தா இங்க ஒரு நிமிஷம்கூட ஆகல. அது சரி. ஆனா இவங்க பாட்டுக்குக் கெளம்பி வந்துட்டாங்களே, அடுத்த நாள் அந்த ஊர்ல என்ன நடந்துச்சு?”

எனக்குப் பதில் தெரியவில்லை. அதைவிட, இரண்டு முறை படித்திருந்தும் அந்தக் கேள்வி எனக்குத் தோன்றவே இல்லை என்பதுதான் உறுத்தியது. ஏன் தோன்றவில்லை? பிரதி என்னை அந்த நான்கு பிள்ளைகளோடு சேர்த்து வெளியே தள்ளிக் கதவைச் சாத்திவிட்டது. அவர்கள் வீடு வந்து சேர்ந்ததும் நானும் வீடு வந்து சேர்ந்தேன். கதவுக்கு அந்தப் பக்கம் ஒரு நாடு அப்படியே நிற்கிறது என்ற நினைப்பே எழவில்லை.

படிக்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். புத்தகம் 1950-இல் வெளிவந்தது. இரண்டாம் உலகப் போர். லண்டனில் குண்டு விழுகிறது. பீட்டர், சூசன், எட்மண்ட், லூசி என்ற நான்கு உடன்பிறந்த பிள்ளைகளை நாட்டுப்புறத்தில் ஒரு வயதான பேராசிரியர் வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார்கள். அங்கே ஒரு மர பீரோ. தொங்கும் கோட்டுகளை விலக்கிக்கொண்டு உள்ளே போனால் பனி விழும் காடு, அதுதான் நார்னியா. விலங்குகள் பேசும் நாடு. ஒரு வெள்ளைச் சூனியக்காரி நூறு வருடமாக அங்கே குளிர்காலத்தை நகரவிடாமல் வைத்திருக்கிறாள். மனிதக் குழந்தைகள் நால்வர் வந்து நான்கு சிம்மாசனங்களில் அமர்ந்தால் அவள் ஆட்சி முடியும் என்று ஒரு தீர்க்கதரிசனம். அஸ்லான் என்ற சிங்கத்தின் துணையோடு அப்படியே நடக்கிறது. நால்வரும் அங்கேயே வளர்ந்து ஆளாகி ஆட்சி செய்கிறார்கள். ஒருநாள் வெள்ளை மானைத் துரத்திப் போகிறார்கள். புதர் அடர்ந்த இடம் வந்ததும் குதிரைகளை மரத்தில் கட்டிவிட்டு நடந்து போகிறார்கள். கிளைகள் கோட்டுகளாக மாறுகின்றன. பீரோவுக்கு வெளியே பழையபடி பிள்ளைகளாக வந்து விழுகிறார்கள். அதே நாள், அதே வேளை.

“ஏன் தோழர், குழந்தைகள் புத்தகத்தைப் போய்த் துருவிக்கிட்டு...” என்று கேட்பவர்கள் உண்டு. குழந்தைகள் புத்தகம் என்பதால்தான். காலம் என்றால் என்ன, யாருடைய காலம் கணக்கில் வரும், யாருடையது வராது என்பதை யாரும் நமக்கு வகுப்பெடுத்துச் சொல்வதில்லை. இப்படிப்பட்ட கதைகள் வழியாகத்தான் அது உள்ளே இறங்குகிறது. இறங்கியது தெரியாமலே இறங்குகிறது.

2

முதலில் கணக்கைப் பார்ப்போம். 1950-இலிருந்து 1956 வரை வருடத்துக்கு ஒன்றாக ஏழு புத்தகங்கள். லூயிஸ் தன் உபயோகத்துக்காக எழுதிவைத்த ஒரு கால அட்டவணை அவர் இறந்த பிறகு அச்சில் வந்தது. நம்முடைய ஆண்டும் நார்னிய ஆண்டும் அதில் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. இங்கே 1900-இல் நார்னியா படைக்கப்படுகிறது. அது அங்கே ஆண்டு 1. இங்கே 1940, அங்கே 1000: பிள்ளைகள் பீரோ வழியாகப் போகிறார்கள். 1015 வரை ஆள்கிறார்கள். இங்கே நேரமே ஆகவில்லை. இங்கே 1941, அங்கே 2303: இரண்டாம் வருகை. இங்கே 1942, அங்கே 2306: கடல் பயணம். அதே 1942-இல் இன்னும் சில மாதம் கழித்து, அங்கே 2356. இங்கே 1949, அங்கே 2555: நார்னியா முடிந்துபோகிறது.

ஆக, இங்கிலாந்தின் 49 வருடத்துக்குள் ஒரு நாட்டின் 2555 வருடம் பிறந்து, வாழ்ந்து, செத்தும் போகிறது.

இதில் ஏதாவது விகிதம் இருக்கிறதா என்று பார்த்தால் இல்லை. முதல் 40 வருடத்தில், வருடத்துக்கு 25 நார்னிய வருடம். அடுத்த ஒரே வருடத்தில் 1303. அதற்கடுத்த வருடத்தில் மூன்று. பிறகு சில மாதத்தில் ஐம்பது. கடைசி ஏழு வருடத்தில் 199. சூத்திரம் கிடையாது என்பதைக் கதாபாத்திரங்களே அறிந்திருக்கிறார்கள். ‘மாய உலகந்தானே, காலம் தாறுமாறாகத்தான் ஓடும்’ என்று விட்டுவிடத் தோன்றும்.

தாறுமாறில்லை. இரண்டு விதிகள் ஒருபோதும் மீறப்படுவதில்லை. ஒன்று: இந்தப் பிள்ளைகள் நார்னியாவில் இருக்கும்வரை இங்கிலாந்தின் கடிகாரம் அவர்களுக்காகக் காத்து நிற்கும். இரண்டு: அவர்கள் இங்கிலாந்தில் இருக்கும்போது நார்னியாவின் கடிகாரம் அவர்களுக்காகக் காத்து நிற்காது. எவ்வளவு வேண்டுமானாலும் ஓடும். அடுத்த முறை போகும்போது மறுபடியும் காப்பாற்றப்பட வேண்டிய நிலைக்கு அந்த நாடு வந்து சேரும் அளவுக்கு ஓடும். போகிறவர்களுக்கு நஷ்டமே இல்லை. 15 வருடம் அரசாண்டுவிட்டு மாலைத் தேநீருக்குத் திரும்பிவிடலாம். முடி நரைக்காது, பள்ளிக்கூடம் தவறாது, அம்மா தேடமாட்டாள்.

நேர்மாறாக ஒரே ஒரு காட்சியை வைத்துப் பாருங்கள். நான்காவதாக வெளிவந்த கதையின் முடிவில், ஐம்பது வருடம் நார்னியாவை ஆண்டு கிழவனாகி இறந்த காஸ்பியன், அஸ்லானின் நாட்டில் மீண்டும் இளைஞனாக எழுகிறான். இந்தப் பிள்ளைகளின் உலகத்தை ஒருமுறை பார்க்க வேண்டும் என்பது அவன் ஆசை. அனுமதி கிடைக்கிறது: ஐந்து நிமிடம். அதுவும் செத்த பிறகு. அந்த ஐந்து நிமிடத்தில் அவன் பார்ப்பது ஒரு பள்ளிக்கூடத்தின் பின்பக்கம். செய்வது, அங்கே சின்னப் பிள்ளைகளைக் கொடுமைப்படுத்தும் கும்பலை வாளின் தட்டைப் பக்கத்தால் அடித்து விரட்டுவது. அவனுக்கு ஐந்து நிமிடம், இவர்களுக்குப் பதினைந்து வருடம்.

3

இந்தக் கணக்கு எப்போதும் இப்படி இருந்ததில்லை. வேற்றுலகத்துக்குப் போய் வந்தவர்களின் கதை பழையது. பல மொழிகளில் உண்டு. நமக்குத் தெரிந்த ஒன்றிலிருந்தே தொடங்கலாம். பாகவதத்திலும் விஷ்ணு புராணத்திலும் வருகிற ககுத்மி என்ற அரசன் தன் மகள் ரேவதியை அழைத்துக்கொண்டு, யாருக்குக் கட்டிக்கொடுப்பது என்று கேட்க பிரம்மலோகம் போகிறான். அங்கே கந்தர்வர்கள் பாடிக்கொண்டிருக்கிறார்கள். பாட்டு முடியட்டும் என்று சற்றுக் காத்திருந்து கேட்கிறான். பிரம்மா சிரிக்கிறார்: நீ மனத்தில் வைத்திருந்த மாப்பிள்ளைகள் மட்டுமல்ல, அவர்களின் பேரன்மாரின் பெயர்கூட இன்று பூமியில் இல்லை. 27 சதுர்யுகங்கள் ஓடிவிட்டன என்கிறது பாகவதம். திரும்பி வந்தால் ஊர் இல்லை, உறவு இல்லை.

அயர்லாந்தில் ஓசீன். மறுகரைப் பெண் நீவ் அவனை வெள்ளைக் குதிரையில் ஏற்றி, முதுமையில்லாத தேசத்துக்குக் கூட்டிப்போகிறாள். கொஞ்ச நாள் இருந்ததாக நினைக்கிறான். ஊருக்குத் திரும்பினால் முந்நூறு வருடம் ஆகிவிட்டது. அவனுடைய வீரர் கூட்டம் இல்லை, பழைய தெய்வங்கள் இல்லை, புதிய மதம் வந்துவிட்டது. தரையில் கால் படக்கூடாது என்பது நீவ் இட்ட நிபந்தனை. வழியில் சிலர் ஒரு பெருங்கல்லைத் தூக்க முடியாமல் திணறுகிறார்கள். உதவுவதற்காகக் குதிரையிலிருந்தபடியே குனிகிறான், சேணத்தின் வார் அறுகிறது, மண்ணில் விழுகிறான். அந்தக் கணமே முந்நூறு வயதும் உடம்பில் ஏறிவிடுகிறது. ஜப்பானின் உராஷிமா தாரோவுக்கும் கிட்டத்தட்ட இதே கதிதான்: கடலடி அரண்மனை, திரும்பி வந்தால் அந்நியமாகிப்போன கரை, திறக்கக்கூடாத பெட்டி, திறந்ததும் கிழவன். 1819-இல் வாஷிங்டன் இர்விங் எழுதிய ரிப் வான் விங்கிள் மலையில் இருபது வருடம் தூங்கி எழுகிறான். இடையில் அமெரிக்கப் புரட்சியே நடந்து முடிந்துவிட்டது. சத்திரத்துப் பலகையில் ஜார்ஜ் மன்னர் இருந்த இடத்தில் ஜெனரல் வாஷிங்டன்.

இவற்றின் பொதுத்தன்மையைக் கவனியுங்கள். வேற்றுலகில் காலம் மெதுவாக ஓடுகிறது, இங்கே வேகமாக. ஆகவே போனவன் இழக்கிறான். உறவை, ஊரை, அரசியலை, கடைசியில் தன் உடம்பை. வேற்றுலகம் ஏதோ தருகிறது, விலை கேட்கிறது, விலையைக் கொடுப்பவன் பயணிதான்.

நார்னியாவில் முள் எதிர்த்திசையில் சுற்றுகிறது. அங்கே காலம் வேகம், இங்கே நிதானம். போனவனுக்கு எல்லாம் திரும்பக் கிடைக்கிறது. ஆனால் விலை என்று ஒன்று இல்லாமல் போய்விடாது. அது கைமாறிவிடுகிறது, அவ்வளவுதான். நார்னியாவின் மரங்களும் பேட்ஜர்களும் குள்ளர்களும் ஆட்டுக்கால் மனிதர்களும், தலைமுறை தலைமுறையாக, அதைக் கொடுக்கிறார்கள்.

லூயிஸ் பெல்ஃபாஸ்ட்டில் 1898-இல் பிறந்தவர். இளம் வயதிலேயே அயர்லாந்தின் தொல்கதைகளில் ஊறியவர். ஓசீன் கதையை 1889-இல் நெடுங்கவிதையாக்கிய யேட்ஸின் மீது அவருக்கிருந்த ஈடுபாடு தெரிந்ததே. எனவே பழைய கணக்கு தெரியாமல் புதிய கணக்கை எழுதினார் என்று சொல்ல வழியில்லை. திருப்பி எழுதியிருக்கிறார். எப்போது? இந்தியா 1947-இல் போய்விட்டது. பர்மாவும் இலங்கையும் 1948-இல். 1950-இல் ஒரு புத்தகம் வருகிறது. அதில் ஆங்கிலப் பிள்ளைகள் ஒரு நாட்டுக்குப் போகிறார்கள், அந்த நாட்டு மக்கள் இவர்களைத்தான் எதிர்பார்த்துக் காத்திருக்கிறார்கள், இவர்கள் ஆண்ட காலம் பொற்காலம் ஆகிறது, திரும்பி வரும்போது கையில் கறை இல்லை, வயதில் ஒரு நாள் கூடவில்லை. லூயிஸ் இதைத் திட்டமிட்டு எழுதினார் என்று நான் சொல்லவில்லை. கதை வடிவங்களுக்குத் திட்டம் தேவையில்லை. ஒரு காலத்தின் ஏக்கம் போதும்.

4

நார்னியாவில் காலம் இரண்டு விதமாகக் கெட்டுப்போகிறது. பிள்ளைகள் வருவதற்கு முன்னால் அது உறைந்து கிடக்கிறது: நூறு வருடக் குளிர்காலம், சூனியக்காரியின் முற்றத்தில் கல்லாகி நிற்கும் உயிர்கள். வந்ததும் பனி உருகுகிறது, ஓடை ஓடுகிறது, பூ பூக்கிறது. போனதும் காலம் தலைதெறிக்க ஓடி எல்லாவற்றையும் இடித்துத் தள்ளுகிறது. இரண்டாம் வருகையில் தங்கள் சொந்த அரண்மனையின் இடிபாட்டில் நின்றுகொண்டுதான், இது நம் அரண்மனை என்று கண்டுபிடிக்கிறார்கள். உறைந்த காலம், சிதைக்கும் காலம். இரண்டுக்கும் நடுவில், ஆங்கிலப் பிள்ளைகள் இருக்கும் பதினைந்து வருடம் மட்டும் ‘வரலாறு’.

மானிடவியலைப் பற்றி யோஹானஸ் ஃபேபியன் 1983-இல் எழுதிய ‘காலமும் மற்றவரும்’ என்ற நூலின் வாதம் இங்கே உதவும். ஆய்வாளன் ஒரு மக்களோடு மாதக்கணக்கில் கூடவே இருந்து, ஒரே அடுப்பங்கரையில் சாப்பிட்டு, ஒரே பொழுதைக் கழிக்கிறான். எழுத உட்கார்ந்ததும் அவர்களை வேறொரு காலத்தில் கொண்டுபோய் வைத்துவிடுகிறான்: ஆதி, பழமை, இன்னும் வளராதது. சமகாலத்தில் வாழும் உரிமையை எழுத்தால் பறிப்பது இது. நார்னியாவை விமர்சிக்கிறவர்கள் வழக்கமாகத் தெற்கே இருக்கும் கலோர்மென் நாட்டைக் காட்டுவார்கள். கறுத்த தோல், தலைப்பாகை, வளைந்த கத்தி. நியாயமான விமர்சனம்தான். ஆனால் தலைப்பாகை கண்ணுக்குத் தெரிகிறது, குழந்தைகூடக் கண்டுபிடித்துவிடும். கடிகாரம் தெரிவதில்லை. கதையின் எலும்பில் இருக்கிறது அது.

காத்திருத்தல் என்பதை எடுத்துக்கொள்வோம். அட்டவணைப்படி டெல்மரைன்கள் என்ற மனிதர்கள் நார்னியாவைப் பிடிப்பது 1998-இல். விடுதலை 2303-இல். 305 வருடம் பேசும் விலங்குகளும் குள்ளர்களும் தலைமறைவாக வாழ்கிறார்கள். பழைய நார்னியாவைப் பற்றிப் பேசுவதே குற்றம். இளவரசன் காஸ்பியனுக்கு அந்தக் கதைகளைச் சொன்ன தாதியை அவன் சித்தப்பன் மிராஸ் அரண்மனையை விட்டே அனுப்பிவிடுகிறான். அவளுக்குப் பின் கார்னிலியஸ் என்ற ஆசிரியர், பாதிக் குள்ளர், தன் பிறப்பை மறைத்துக்கொண்டு, இரவில் கோபுரத்தின் மேல் வைத்து ரகசியமாக வரலாறு சொல்லிக்கொடுக்கிறார். ஏழு நூல்களிலும் என்னை அதிகம் பாதித்த பகுதி இது. தடைசெய்யப்பட்ட ஞாபகத்தை ஒருவர் இன்னொருவருக்குக் கைமாற்றுகிற காட்சி.

அந்த 305 வருடம் இங்கிலாந்தில் எவ்வளவு? 1940-க்கும் 1941-க்கும் இடையிலான ஒரு வருடத்தில் 1303-ஐச் சமமாகப் பரப்பிப் பார்த்தால் மூன்று மாதத்துக்கும் குறைவு. ஒரு பள்ளிப் பருவம். இவர்கள் ஒரு அரையாண்டுப் பரீட்சை எழுதி முடிப்பதற்குள் அங்கே பத்துப் பன்னிரண்டு தலைமுறை ஒளிந்து வாழ்ந்து செத்திருக்கிறது. அந்தத் தலைமுறைகளுக்குக் கதையில் ஒரு அத்தியாயம் கிடையாது.

விடுதலை எப்படி வருகிறது என்பதையும் பாருங்கள். டெல்மரைன்களின் மூதாதையர் நம் பூமியிலிருந்து வழிதவறி வந்த கடற்கொள்ளையர்கள் என்று கடைசியில் தெரிகிறது. ஆக, பிடித்தவன் பூமிக்காரன். மீட்க வந்தவனும் பூமிக்காரன். மீட்டபின் அரசனாவதும் டெல்மரைன் வம்சத்து நல்லவன். மனிதன் அரசனாயிருந்தால்தான் நார்னியா ஒழுங்காக இருக்கும் என்பதை ஒரு பேட்ஜரின் வாயாலேயே சொல்லவைக்கிறார் லூயிஸ். ஆளப்படுகிறவனின் வாக்குமூலத்தைவிட ஆளுகிறவனுக்கு வேறென்ன வேண்டும்?

இந்த இடத்தில் நிகாப்ரிக்கைப் பேசாமல் போக முடியாது. கறுப்புக் குள்ளன். பொறுமையற்றவன். கொம்பு ஊதியாயிற்று, உதவி வரவில்லை. இனி சிங்கத்துக்காகக் காத்திருக்க முடியாது, டெல்மரைன்களை விரட்ட யார் உதவினாலும் சரி என்று பழைய சூனியக்காரியையே மறுபடி எழுப்பப் பார்க்கிறான். இருட்டில் நடக்கும் கைகலப்பில் கொல்லப்படுகிறான். அவன் தேர்ந்த வழி கொடியது, சந்தேகமில்லை. நூறு வருடம் ஒரு நாட்டையே கல்லாக்கியவளை அழைக்கிறான். ஆனால் அவன் பிணத்தின் முன் காஸ்பியன் சொல்வதைக் கவனிக்க வேண்டும்: நெடுநாள் பட்ட துன்பத்தில் இவன் உள்ளுக்குள் புளித்துப்போனான், சீக்கிரம் வென்றிருந்தால் நல்லவனாகவே இருந்திருப்பான் என்கிற பொருளில் பேசுகிறான். பிரதி தன்னை அறியாமல் ஒப்புக்கொடுக்கிற இடம் இது. நிகாப்ரிக்கின் குற்றத்தில் காலத்துக்குப் பங்குண்டு. அந்தக் காலத்தை அவன் தேர்ந்தெடுக்கவில்லை.

‘பொறுங்கள், காலம் கனியவில்லை’ என்ற சொல்லை நம்மில் பலர் கேட்டிருப்போம், கட்சியிலோ இயக்கத்திலோ வீட்டிலோ. அதைச் சொல்கிறவருக்குப் பெரும்பாலும் காத்திருப்பதில் நஷ்டமில்லை. 1963-இல் மார்டின் லூதர் கிங் பர்மிங்காம் சிறையிலிருந்து எழுதிய கடிதம் இதற்குத்தான் பதில்; பொறுமையாயிருக்கச் சொன்ன வெள்ளை மதகுருமாருக்கு எழுதியது. காத்திருப்பு எல்லோருக்கும் ஒரே நீளமல்ல என்பதை அவர் விளக்க வேண்டியிருந்தது.

5

சரி, லூயிஸின் பக்கம் என்று ஒன்று இல்லையா? இருக்கிறது, அதைச் சொல்லாமல் விட்டால் இது விமர்சனம் ஆகாது, வழக்கு ஆகிவிடும்.

1908-இல், அவருக்கு ஒன்பது வயதாக இருக்கும்போது அம்மா இறந்துபோனார். அந்த வருடமே கடல் தாண்டி இங்கிலாந்தின் விடுதிப் பள்ளிக்கு அனுப்பப்பட்டார். 1955-இல் வெளிவந்த ஆறாவது புத்தகத்தில் டிகரி என்ற சிறுவனின் அம்மா சாகக் கிடக்கிறாள், நார்னியாவிலிருந்து ஒரு ஆப்பிள் கொண்டுவந்து கொடுக்கிறான், பிழைத்துக்கொள்கிறாள். காலம் எடுத்ததைக் காலம் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்ற ஏக்கத்துக்கு ஏகாதிபத்தியம் என்று பெயர் வைக்க எனக்கு மனம் வரவில்லை. முதல் உலகப் போரில் 1918-இல் காயம்பட்டவர் அவர். 1939-இல் லண்டனிலிருந்து வெளியேற்றப்பட்ட பிள்ளைகள் அவர் வீட்டிலும் வந்து தங்கினார்கள். அம்மாவை விட்டு ரயிலேற்றப்பட்ட ஒரு பிள்ளைக்கு, ‘நீ எங்கே போனாலும் இங்கே நேரம் உனக்காக நிற்கும்’ என்று சொல்வது எத்தனை பெரிய ஆறுதல்!

ஆதிக்கத்தின் பேச்சையும் அவர் அறியாதவரல்லர். 1938-இல் எழுதிய விண்வெளி நாவலில் வெஸ்டன் என்ற விஞ்ஞானி கோள்களைக் கைப்பற்றுவது மனித இனத்தின் உரிமை என்று முழங்குகிறான். அதை வேற்றுக்கோள்வாசிகளின் எளிய மொழியில் பெயர்க்கப் பெயர்க்க அது வெறும் கொள்ளை என்பது வெளுத்துப்போகிறது. நார்னியாக் கடல் பயணத்தில் தனித்தீவுகளின் கவர்னர் கம்பஸ், அடிமை வியாபாரத்தை நிறுத்தினால் கடிகாரத்தைப் பின்னோக்கித் திருப்பியதாகும் என்கிறான். முன்னேற்றம், வளர்ச்சி என்கிறான். காஸ்பியன் அந்த வளர்ச்சியை முட்டை அழுகுவதோடு ஒப்பிட்டுக் கேலிசெய்து, வியாபாரத்தை ஒழிக்கிறான். ‘வளர்ச்சி’ என்ற ஒரே சொல்லால் ஆற்றையும் காட்டையும் ஊரையும் விலைபேசுகிறவர்களைப் பார்த்துக்கொண்டிருக்கும் நமக்கு இந்தப் பக்கம் புதிதாகவே இருக்கிறது.

இங்கேதான் சிக்கலே. கருத்தளவில் ஆதிக்கத்தைக் கேலிசெய்யத் தெரிந்தவர், வடிவத்தளவில் அதன் கடிகாரத்தை வைத்துக்கொண்டே கதை சொல்கிறார். இது லூயிஸுக்கு மட்டும் உள்ள நோயா? முற்போக்கான கருத்தைப் பாத்திரங்களின் வாயில் போட்டுவிட்டு, யாருடைய பார்வையில் கதை தொடங்கி யாருடைய வீட்டில் முடிகிறது என்பதைப் பார்க்காமல் விட்ட கதைகள் நம் பக்கமும் நிறைய உண்டு. சேரிக்குப் போய்விட்டு வருகிற நல்ல மனம் படைத்த கதாநாயகன். அவன் வந்ததும் ஊர் விழிக்கிறது; அவன் பஸ் ஏறியதும் கதை முடிகிறது.

6

கடைசியாக சூசன். ஏழாவது புத்தகத்தில் நார்னியா முடிகிறது. பூமிக்கடியில் தூங்கிக்கொண்டிருந்த காலம் என்னும் பூதம் எழுந்து கொம்பு ஊதுகிறது, நட்சத்திரங்கள் விழுகின்றன, சூரியனைப் பழம் பிழிவதுபோலக் கையால் பிழிந்து அணைக்கிறது அந்தப் பூதம். நல்லவர்கள் எல்லோரும் காலமே இல்லாத மெய் நார்னியாவுக்குள் போகிறார்கள். பீட்டர், எட்மண்ட், லூசி, பெற்றோர் உட்பட அனைவரும் இங்கிலாந்தில் ஒரு ரயில் விபத்தில் ஏற்கெனவே இறந்துவிட்டார்கள் என்பது அங்கேதான் நமக்குச் சொல்லப்படுகிறது. சூசன் மட்டும் அவர்களோடு இல்லை. அவள் இப்போது நார்னியாவின் தோழியல்ல. லிப்ஸ்டிக், நைலான் உறை, விருந்து அழைப்பு, இவற்றில்தான் அவள் நாட்டம் என்று இரண்டு மூன்று வாக்கியத்தில் அவளை முடித்துவிடுகிறார்கள்.

இதைப் பெண் உடல் மீதான வெறுப்பாகப் படித்து பிலிப் புல்மன் 1998-இல் கடுமையாகத் தாக்கினார். நீல் கெய்மன் 2004-இல் முதுமையடைந்த சூசனின் நிழலாக ஒரு பேராசிரியையை வைத்துக் கதை எழுதினார். அவற்றோடு எனக்கு உடன்பாடே. காலக் கணக்கின் பக்கமிருந்து பார்த்தால் இன்னொன்றும் தெரிகிறது. மற்ற எல்லோருக்கும் காலம் ரத்துசெய்யப்படுகிறது. சூசனுக்கு மட்டும் அது நடக்கிறது. அவள் பெரியவளாகிறாள். ஒரு காலை எழுந்து தம்பியை, தங்கையை, அண்ணனை, அப்பாவை, அம்மாவை ஒரே நாளில் இழந்தவளாகிறாள். அடையாளம் காட்டச் சென்றிருக்க வேண்டும். வீட்டைக் காலிசெய்திருக்க வேண்டும். அதில் ஒரு வரி கிடையாது. சூசன் என்ன ஆனாள் என்று கேட்ட ஒரு சிறுவனுக்கு 1957-இல் எழுதிய கடிதத்தில், அவள் உயிரோடு இருக்கிறாள், திருந்திக்கொள்ள அவளுக்கு நிறையக் காலம் இருக்கிறது என்ற பொருளில் லூயிஸ் பதில் எழுதினார். அவருடைய உலகில் காலம் இருப்பது ஒரு தண்டனை போலவும் ஒரு வாய்ப்பு போலவும் ஒரே நேரத்தில் ஒலிக்கிறது.

ககுத்மியின் மகளை நினைத்துக்கொள்கிறேன். யாரைக் கட்டிக்கொள்ள விருப்பம் என்று அவளைத் தவிர எல்லோரையும் கேட்கிறார்கள். யுகங்கள் கழித்துப் பூமிக்கு வந்தால் மனிதர்கள் குள்ளமாகிப்போயிருக்கிறார்கள். அவள் மட்டும் பழைய உயரம். பலராமன் கலப்பை நுனியால் அவளைத் தட்டித் தன் உயரத்துக்குக் கொண்டுவந்து மணந்துகொள்கிறான் என்கிறது விஷ்ணு புராணம். அங்கே காலத்தைத் தாண்டி வந்தவளின் உயரம் குறைக்கப்படுகிறது. இங்கே காலத்தோடு வளர்ந்தவள் வாசலில் நிறுத்தப்படுகிறாள். பயணி விலைகொடுத்த பழைய கதையிலும் அந்த விலையில் பெண்ணின் பங்கு தனியாக வசூலிக்கப்பட்டது என்பதை நான் முன்பு சொல்லாமல் விட்டேன். பழைய கதைகளைப் புனிதமாக்கிவிடக் கூடாது என்பதற்காக இப்போது சொல்கிறேன்.

7

மாய உலகங்களை எழுதுவது தப்பித்தல், யதார்த்தம்தான் போராட்டம் என்று நம்மிடையே ஒரு பழைய தீர்ப்பு உண்டு. நான் அதை ஏற்கவில்லை. காலத்தை இஷ்டப்படி நீட்டவும் குறுக்கவும் முடிகிற எழுத்தில்தான், அன்றாடக் கடிகாரம் மறைத்து வைத்திருக்கும் கணக்கு அப்பட்டமாக வெளியே வருகிறது. 305 வருடம் ஒரு பள்ளிப் பருவத்துக்குச் சமம் என்று எந்த யதார்த்த நாவலும் நமக்குக் காட்டியிருக்க முடியாது. தமிழில் இப்போது மாயப் புனைவு எழுத வருகிற இளையவர்களிடம் நான் கேட்பது ஒன்றுதான்: உங்கள் உலகில் கதவு திறக்கும்போது உள்ளே போகிறவனின் வயதை மட்டும் பார்க்காதீர்கள். கதவுக்கு அந்தப் பக்கம் அவன் இல்லாத நாட்களில் யார் விதைத்தார்கள், யார் ஒளிந்தார்கள், யார் பிள்ளைக்குப் பழைய கதையைச் சொன்னார்கள்? அந்த நாட்களுக்கும் பக்க எண் கொடுங்கள்.

நண்பரின் மகளிடம் இதையெல்லாம் நான் சொல்லவில்லை. “தெரியலம்மா, லூயிஸ் எழுதல” என்று மட்டும் சொன்னேன். அடுத்த வாரம் போனபோது நோட்டில் ஏதோ எழுதிக்கொண்டிருந்தாள். காட்டச் சொன்னேன். நான்கு குதிரைகளிலிருந்து ஆரம்பித்திருந்தாள். இருட்டும்வரை மரத்தில் கட்டிக்கிடக்கின்றன. தண்ணீர் காட்ட யாரும் வரவில்லை. ராத்திரி விறகு பொறுக்க வந்த ஒரு குள்ளக் கிழவி முதல் முடிச்சை அவிழ்க்கிறாள். அதோடு நிறுத்தியிருந்தாள். “அப்புறம்?” என்றேன். “இருங்க மாமா, அவ எங்க போறான்னு யோசிச்சிட்டு இருக்கேன்” என்றாள்.